வடசென்னை இரவு நடை: பள்ளிகளும் பெற்றோரும் கேட்கும் கேள்விகள்

பாரிமுனை, பர்மா பஜார், தம்புச்செட்டித் தெரு, பூக்கடை, சவுகார்பேட்டை. விளக்கு போட்ட பிறகு, இங்கத்திய இரவு வாழ்க்கையைக் காட்ட, இந்தத் தெருக்கள் வழியாகப் பள்ளி மாணவர்களை நடத்திக் கூட்டிப் போகிறோம். நாங்கள் எல்லோரும் ராயபுரம், வண்ணாரப்பேட்டை, ஏழுகிணறு பக்கம் பிறந்து வளர்ந்தவர்கள். ஆசிரியர்களும் பெற்றோரும் திரும்பத் திரும்பக் கேட்கிற கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறோம். தேதி கேட்டு எழுதுவதற்கு முன்னால் ஒருமுறை முழுசாகப் படித்துவிடுங்கள்.

இரவு வாழ்க்கை என்கிறீர்கள். பார், டிஸ்கோ மாதிரி இடங்களா?

இல்லை. இந்தப் பகுதியில் ராத்திரி என்றால் சாப்பாடும் வேலையும்தான். ஆறு மணிக்கு மேல் தங்கசாலைத் தெருவில் ஜிலேபிச் சட்டி சூடாகிறது. இரண்டாவது கடற்கரைச் சாலையில் அத்தோ என்கிற பர்மா நூடுல்ஸ் விற்கும் கடை பெஞ்சுகளில் இடம் கிடைப்பதில்லை. கோடவுன் தெருவில் துணிக்கடை ஷட்டர்கள் இறங்குகிற நேரத்தில் மீன்பாடி வண்டிகளில் மூட்டை ஏறுகிறது. வால்டாக்ஸ் ரோடு பக்கம் வெளியூர் லாரிகளில் சரக்கு அடுக்குகிறார்கள். நடுராத்திரி தாண்டினால் காசிமேடு மீன்பிடித் துறைமுகம் விழித்துக்கொள்கிறது. இதைப் பார்க்கத்தான் பிள்ளைகளைக் கூட்டிப் போகிறோம்.

பகலில் போனால் ஆகாதா? ஏன் ராத்திரி?

பகலிலும் போகலாம். ஜார்ஜ் டவுனுக்குப் பகல் நடைகள் நடத்துகிற நல்ல வழிகாட்டிகள் நிறையப் பேர் இருக்கிறார்கள். ஆனால் இந்த ஊர் எப்படி ஓடுகிறது என்பது பகலில் தெரியாது. பெரிய லாரிகள் பகலில் நகருக்குள் வரக் கட்டுப்பாடு இருப்பதால் சரக்கு ராத்திரியில்தான் நகரும். மறுநாள் காலை தியாகராய நகரிலோ தாம்பரத்திலோ ஒரு கடை திறந்தவுடன் அலமாரியில் பொருள் இருக்கிறதென்றால், அதற்கு முந்தின ராத்திரி இங்கே யாரோ மூட்டை தூக்கியிருக்கிறார்கள். பாடப்புத்தகத்தில் வணிகம் என்று ஒரு அத்தியாயம் வரும். அதில் இந்தத் தோள் வராது.

இன்னொரு காரணம், இந்த இடத்தின் சரித்திரமே பாதி ராத்திரியில் நடந்தது. 1914 செப்டம்பர் 22 அன்று ராத்திரி எம்டன் என்ற ஜெர்மன் போர்க்கப்பல் கடலில் இருந்து சென்னை மீது குண்டு வீசியது. துறைமுகத்துப் பக்கத்தில் இருந்த எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன. அடுத்த நாட்களில் ஜனங்கள் கூட்டம் கூட்டமாக ஊரைவிட்டு வெளியேறினார்கள். அந்தக் குண்டு விழுந்ததைச் சொல்லும் கல்வெட்டு இன்றும் உயர் நீதிமன்ற மதிலில் இருக்கிறது. மதில் பக்கத்தில் நின்று, கடல் இருக்கும் திசையைக் காட்டி, ‘அங்கிருந்துதான் குண்டு வந்தது’ என்று சொன்னால் ஒன்பதாம் வகுப்புப் பையன் அதை மறக்க மாட்டான். அதே உயர் நீதிமன்றக் கோபுரத்தின் உச்சியில் 1894 முதல் 1977 வரை கலங்கரை விளக்கம் எரிந்தது என்பதையும் அங்கேயே சொல்கிறோம். மெரினாவில் இப்போது இருக்கிற கலங்கரை விளக்கம் வந்த பிறகுதான் இது அணைந்தது.

அப்புறம் குஜிலி பஜார். இன்றைக்கு ஈவ்னிங் பஜார் என்கிற தெருப் பக்கம் ஒரு காலத்தில் சாயங்காலச் சந்தை கூடும். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே மலிவான தாளில் அச்சடித்த பாட்டுப் புத்தகங்களைப் பாடிக் காட்டியே விற்றார்கள். கொலை வழக்கு, ரயில் விபத்து, வெள்ளம், காந்தி வந்த செய்தி என்று எல்லாமே பாட்டாக வரும். எழுத்துக்கூட்டிப் படிக்கிறவர்களும் வாங்கினார்கள், படிக்கத் தெரியாதவர்கள் நின்று கேட்டார்கள். வேலை முடித்த கூலித் தொழிலாளிக்கு அதுதான் செய்தித்தாள். இந்தத் தெருவைப் பகல் பத்து மணிக்குக் காட்டினால் அந்தக் கதை ஒட்டவே ஒட்டாது.

வடசென்னை, அதுவும் இருட்டின பிறகு. பாதுகாப்பா?

இந்தக் கேள்வியை நேராகக் கேட்கிறவர்களை எங்களுக்குப் பிடிக்கும். சுற்றி வளைத்துக் கேட்பவர்கள்தான் அதிகம்.

முதலில் நிஜமான ஆபத்து எது என்று சொல்லிவிடுகிறோம். வண்டிகள். என்.எஸ்.சி. போஸ் சாலையில் நடைபாதை முழுக்கக் கடை. ஆகவே சாலை ஓரத்தில்தான் நடக்க வேண்டும். பைக், ஆட்டோ, மீன்பாடி வண்டி எல்லாம் முழங்கையை உரசிக்கொண்டு போகும். சந்துகளில் எதிர்த்திசையிலும் வண்டி வரும். மூடி சரியாக இல்லாத மழைநீர் வடிகால் இன்னொரு ஆபத்து. எங்கள் விதிகளில் முக்கால்வாசி இவற்றுக்காகத்தான். ஒரு குழுவில் இருபது மாணவர்களுக்கு மேல் கூடாது. ஐந்து பேருக்கு ஒரு பெரியவர். முன்னால் ஒருவர், கடைசியில் ஒருவர், எங்கள் ஆட்கள். சாலையைக் கடக்கும்போது எல்லோரும் சேர்ந்துதான் கடக்க வேண்டும், பாதிப் பேர் முன்னால் ஓடக் கூடாது. காதில் ஹெட்செட் கூடாது. பெயரும் பள்ளிப் பெயரும் எழுதின அட்டையைக் கழுத்தில் தொங்கவிடாதீர்கள், கூட்டத்தில் யார் வேண்டுமானாலும் படிப்பார்கள். ஆசிரியரின் எண்ணை எழுதிய சீட்டு சட்டைப் பையில் இருந்தால் போதும். நடக்கிற வழியையும் நேரத்தையும் முன்கூட்டியே அந்தப் பகுதிக் காவல் நிலையத்துக்குக் கடிதமாகக் கொடுத்துவிடுகிறோம்.

மற்றபடி நாங்கள் போகிற தெருக்கள் ஒன்பது மணி வரை நெரிசலும் வெளிச்சமுமாக இருப்பவை. கடை திறந்திருக்கும் தெருவில் மட்டும்தான் நடக்கிறோம். கடைக்காரர்களுக்கு எங்களைத் தெரியும். ஒரு பிள்ளை கொஞ்சம் பின்தங்கினால் ‘பாப்பா, உங்க ஆளுங்க அந்தப் பக்கம் போறாங்க’ என்று கை காட்டுகிறவர் பத்தடிக்கு ஒருவர் இருப்பார்.

வடசென்னை என்றாலே கத்தி, ரவுடி, கஞ்சா என்று ஒரு படத்தைச் சினிமா பல வருஷமாக வரைந்து வைத்திருக்கிறது. குற்றம் இங்கே நடப்பதே இல்லை என்று நாங்கள் சொல்லவில்லை. ஆனால் இங்கே குடியிருக்கிற லட்சக்கணக்கான பேர் ஷிப்ட் முடிந்து வீட்டுக்கு வருகிறார்கள், டியூஷனுக்குப் பிள்ளையை அனுப்புகிறார்கள், ராத்திரி பத்து மணிக்கு மாவு வாங்கக் கடைக்குப் போகிறார்கள். இந்த முகவரியைச் சொன்னதும் வேலைக்கான நேர்காணலில் எதிராளியின் முகம் மாறுவதை இங்கே வளர்ந்தவர்கள் பார்த்திருக்கிறார்கள். உங்கள் பிள்ளைகள் நாளைக்கு அந்த நாற்காலியில் உட்காரப் போகிறவர்கள். அதற்குள் ஒருமுறை இந்தத் தெருக்களில் நடந்துவிட வேண்டும் என்பது எங்கள் ஆசை.

எந்த வகுப்பில் இருந்து வரலாம்?

மாலை நடைக்கு எட்டாம் வகுப்பு முதல். விடியற்கால காசிமேடு நடைக்கு பிளஸ் ஒன், பிளஸ் டூ மட்டும். சின்னப் பிள்ளைகளுக்கு நெரிசல் ஒத்துவராது.

எந்த வழியில் போவீர்கள்? எங்கெல்லாம் நிற்பீர்கள்?

சாயங்காலம் ஐந்தரை மணிக்கு உயர் நீதிமன்றம் மெட்ரோ நிலைய வாசலில் கூடுகிறோம். முதலில் எம்டன் கல்வெட்டு. பிறகு பாரிமுனையைக் கடந்து பர்மா பஜார், அதன் பின்னால் இரண்டாவது கடற்கரைச் சாலை. அங்கிருந்து தம்புச்செட்டித் தெரு. காளிகாம்பாள் கோயில் வாசலில் சாயங்காலப் பூக்காரர்கள் உட்காரும் நேரம் அது. மராட்டிய மன்னர் சிவாஜி 1677-ல் இங்கே வந்து வணங்கியதாகச் சொல்வார்கள், பாரதியாரும் வந்து போன கோயில். மற்ற மதத்துப் பிள்ளைகள் சங்கடப்படக் கூடாது என்பதால் எந்த வழிபாட்டு இடத்துக்குள்ளும் குழுவாகப் போவதில்லை, வாசலில் நின்று பேசுகிறோம். அடுத்த தெருக்களில் ஒன்று அரண்மனைக்காரத் தெரு. அரண்மனை எதுவும் அங்கே இல்லை, ஆர்மீனியன் என்ற சொல்தான் அப்படித் திரிந்தது. ஆர்மீனிய வணிகர்கள் கட்டிய தேவாலயம்தான் இருக்கிறது, இப்போதுள்ள கட்டடம் 1772-ம் ஆண்டைச் சேர்ந்தது. அந்த நேரத்தில் கேட் பூட்டியிருக்கும், ஆகவே அதிக நேரம் நிற்பதில்லை.

பிறகு என்.எஸ்.சி. போஸ் சாலை வழியாகப் பூக்கடை. பெரிய மொத்தச் சந்தைகள் கொத்தவால் சாவடி, பூக்கடைப் பகுதியில் இருந்து 1996-ல் கோயம்பேட்டுக்குப் போய்விட்டன. அதற்கு முன்னால் இந்தத் தெருக்கள் விடிய விடியத் தூங்காது. வாழைத்தார் லாரி வந்து நின்றால் சந்து அடைத்துவிடும் என்று இங்கே இருக்கும் பெரியவர்கள் சொல்வார்கள். சந்தை போனாலும் பத்ரியன் தெருவில் பூ வாசம் போகவில்லை. சாமந்தியும் மல்லியும் கனகாம்பரமும் கட்டிக்கொண்டே ஆளைப் பார்க்காமல் பேசுகிற அக்காக்களிடம், ஒரு முழம் கட்ட எவ்வளவு நேரம் ஆகும், மீந்த பூவை என்ன செய்வார்கள் என்று பிள்ளைகள் கேட்பார்கள். இந்த இடத்தில் எங்கள் பேச்சை நிறுத்திக்கொள்கிறோம். அவர்கள் சொல்கிறதை விட நாங்கள் நன்றாகச் சொல்ல முடியாது.

கடைசியில் தங்கசாலைத் தெரு, சாப்பாடு. மொத்தம் மூன்று கிலோமீட்டருக்குள்தான் வரும். ஆனால் நின்று நின்று போவதால் எட்டே முக்கால் ஆகிவிடும்.

பர்மா பஜார் கள்ளச் சரக்கு விற்கிற இடம்தானே? அங்கே ஏன் பிள்ளைகளை நிறுத்த வேண்டும்?

வெளிநாட்டுச் சாமான் அபூர்வமாக இருந்த காலத்தில் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. திருட்டு சிடி காலமும் அங்கே இருந்தது, மறைக்கவில்லை. ஆனால் அந்தக் கடைகள் ஏன் அங்கே வந்தன என்று தெரியாமல் அந்தப் பெயரை மட்டும் சொல்வது அநியாயம்.

தமிழர்கள் தலைமுறை தலைமுறையாக பர்மாவில் வியாபாரமும் விவசாயமும் கூலி வேலையும் செய்துவந்தார்கள். 1962-ல் அங்கே ராணுவத் தளபதி நே வின் ஆட்சியைப் பிடித்தார். அடுத்த ஓரிரு வருஷங்களில் கடைகள், நிறுவனங்கள் எல்லாம் அரசுடைமை ஆக்கப்பட்டன. லட்சக்கணக்கான இந்தியர்கள் கையில் இருந்ததை விட்டுவிட்டுக் கப்பலேறினார்கள். சென்னைத் துறைமுகத்தில் இறங்கியவர்களில் பலர் பிறந்ததே பர்மாவில்தான், இந்த ஊர் அவர்களுக்குப் புதிது. சிலர் தரைவழியாக பர்மாவுக்கே திரும்பிப் போகப் பார்த்து, எல்லையில் தடுக்கப்பட்டு, மணிப்பூரின் மோரேயிலேயே தங்கிவிட்டார்கள். இன்றும் அங்கே தமிழர்கள் இருக்கிறார்கள். சென்னையில் தங்கியவர்களுக்குப் பிழைப்புக்காக 1969-ல் துறைமுகத்துக்கு எதிரே, கடற்கரை ரயில் நிலையத்தின் ஓரத்தில் கடை போட இடம் கிடைத்தது. அதுதான் பர்மா பஜார்.

அகதி என்ற சொல்லைப் பிள்ளைகள் பரீட்சைக்காகப் படித்திருப்பார்கள். இங்கே நின்றுகொண்டு, பக்கத்தில் துறைமுகம், எதிரில் கடை, பின்னால் சாப்பாடு என்று மூன்றையும் ஒரே இடத்தில் பார்த்தால் அந்தச் சொல்லுக்கு ஒரு குடும்பத்தின் முகம் வந்துவிடும்.

சாப்பாடு எப்படி? வயிறு கெட்டுப்போகாதா?

இரண்டு இடங்களில் சாப்பிடுகிறோம். இரண்டாவது கடற்கரைச் சாலையில் அத்தோ. மஞ்சள் நிற நூடுல்ஸில் வெங்காயம், முட்டைகோஸ், புளித்தண்ணீர், வறுத்த பூண்டு, மிளகாய்த் தூள் போட்டு, பேஜோ என்கிற மொறுமொறு வடையை நொறுக்கிக் கையாலேயே பிசைந்து கொடுப்பார்கள். கூடவே சூடாக வாழைத்தண்டு சூப். மொய்ங்காவும் கிடைக்கும், அது மீன் சேர்ந்த குழம்பு என்பதால் சைவப் பிள்ளைகளுக்கு முன்கூட்டியே சொல்லிவிடுகிறோம். அவித்த முட்டையைக் கீறி வறுத்த வெங்காயமும் புளியும் வைத்துத் தருகிற முட்டை மசாலாதான் மாணவர்களிடம் சீக்கிரம் தீர்ந்துபோகிறது. பர்மாவில் தெருவோரம் சாப்பிட்ட சாப்பாடு தமிழ் நாக்குக்கு ஏற்ற மாதிரி இங்கே கொஞ்சம் மாறியிருக்கிறது.

அடுத்து சவுகார்பேட்டை. வடக்கே இருந்து வந்த மார்வாடி, குஜராத்தி வியாபாரக் குடும்பங்கள் தலைமுறைகளாக வாழ்கிற இடம். கச்சோரி, ஜிலேபி, வடா பாவ், பாதாம் பால் எல்லாம் உண்டு. ஆனால் நாங்கள் தவறாமல் வாங்கித் தருவது முறுக்கு சாண்ட்விச். இரண்டு முறுக்குகளுக்கு நடுவில் வெள்ளரி, தக்காளி, பச்சைச் சட்னி. ரொட்டிக்குப் பதிலாக நம் ஊர் முறுக்கு வந்து உட்கார்ந்த இந்தப் பண்டத்தை வேறு ஊரில் பார்ப்பது அபூர்வம். என்.எஸ்.சி. போஸ் சாலையில் சீனா பாய் டிபன் சென்டரின் நெய் மணக்கும் பொடி இட்லியும் ஊத்தப்பமும் பெயர் பெற்றவை. கூட்டம் அதிகம் என்பதால் பெரிய குழுவோடு அங்கே போவதில்லை, வீட்டாரோடு ஒருநாள் வந்து சாப்பிடுங்கள்.

வயிறு விஷயத்துக்கு வருவோம். தண்ணீர் அவரவர் பாட்டிலில் கொண்டுவர வேண்டும். வெட்டிவைத்த பழமும் ஐஸ் போட்ட ஜூஸும் வாங்கித் தருவதில்லை. கண் முன்னால் சூடாகச் செய்வதை மட்டும் தருகிறோம். முறுக்கு சாண்ட்விச்சில் போடும் காயை எங்கள் எதிரிலேயே கழுவி நறுக்கித் தருகிற கடை ஒன்று இருக்கிறது, அங்கே மட்டும் வாங்குகிறோம். அத்தோவில் பச்சை வெங்காயமும் கோஸும் வரும். அது வேண்டாம் என்கிற பிள்ளைக்கு அதை விட்டுவிட்டுப் பிசைந்து தருவார்கள். வேர்க்கடலை, முட்டை ஒவ்வாமை இருந்தால் கட்டாயம் எழுதித் தர வேண்டும்.

நடைபாதையில் தூங்குகிறவர்களைப் பிள்ளைகள் பார்க்க வேண்டி வருமே?

வரும். பாரிமுனை, பிராட்வே பக்கம் நடைபாதையிலேயே இரண்டு மூன்று தலைமுறையாக வாழ்கிற குடும்பங்கள் இருக்கின்றன. பகலில் அந்த இடம் ஒரு கடையின் வாசல். கடை மூடின பிறகு அது வீடு. அடுப்பு பற்றவைப்பார்கள், பிள்ளைக்குத் தலை வாருவார்கள், கொசுவலை கட்டுவார்கள். அந்த வீட்டுக் குழந்தைகளும் காலையில் பள்ளிக்கூடம் போகிறார்கள்.

எங்கள் நடையில் அவர்களைக் காட்சியாக வைப்பதில்லை. அங்கே நிறுத்தி விளக்கம் சொல்வதில்லை, பிஸ்கெட் பாக்கெட் கொடுக்க விடுவதில்லை. அடுத்தவர் வீட்டு வாசல் வழியாகப் போகும்போது எப்படி எட்டிப் பார்க்காமல் போவோமோ அப்படிப் போகிறோம். கிளம்புவதற்கு முன்பே இதைச் சொல்லிவிடுகிறோம். பிள்ளைகள் புரிந்துகொள்கிறார்கள். சில பெரியவர்களுக்குத்தான் இரண்டாம் தடவை சொல்ல வேண்டியிருக்கிறது.

இவர்களுக்கு ஏன் வீடு இல்லை என்ற கேள்வி வந்தால் தெருவில் வைத்துப் பேசாமல், நடை முடிந்து உட்காரும் இடத்தில் பேசுகிறோம். பிழைப்பு பாரிமுனையில் இருக்கும்போது ஊருக்கு வெளியே தூரத்தில் வீடு ஒதுக்கினால் என்ன ஆகும், அதிகாலையில் பூ கட்டவோ மூட்டை தூக்கவோ எப்படி வந்து சேர்வார்கள், மாநகராட்சி நடத்தும் இரவுக் காப்பகத்தில் முழுக் குடும்பமும் சேர்ந்து தங்க முடியுமா என்று கேட்டுப் பார்க்கச் சொல்கிறோம். பதில் எழுதித் தருவதில்லை.

போட்டோ, ரீல்ஸ் எடுக்கலாமா?

கட்டடம், கல்வெட்டு, தட்டில் இருக்கும் சாப்பாடு இவற்றை எடுக்கலாம். ஆட்களை எடுக்கக் கூடாது. கடைக்காரர் தானாகக் கூப்பிட்டு ‘எடு ராஜா’ என்றால் அவரை மட்டும். தூங்குகிறவர், குளிக்கிறவர், குழந்தைகள், சுமை தூக்குகிறவர் படம் எடுத்தால் அந்த இடத்திலேயே அழிக்கச் சொல்வோம். இதில் ஆசிரியருக்கும் விலக்கு இல்லை.

தன் வயசுப் பையன் கடையில் வேலை செய்வதைப் பார்த்து என் மகள் கேட்டால் என்ன சொல்வீர்கள்?

சட்டம் என்ன சொல்கிறதோ அதைச் சொல்வோம். 14 வயதுக்குக் கீழ் உள்ளவரை வேலைக்கு வைப்பது குற்றம். குடும்பத் தொழிலில் பள்ளி நேரம் போக மீதி நேரத்தில் உதவலாம் என்று 2016 சட்டத் திருத்தம் இடம் தருகிறது. 14 முதல் 18 வரை உள்ளவர்களை அபாயகரமான தொழிலில் வைக்கக் கூடாது, ராத்திரி ஏழு மணியில் இருந்து காலை எட்டு மணி வரை அவர்களிடம் வேலை வாங்கக் கூடாது. ஆகவே அந்தப் பையன் கடைக்காரரின் மகனாகவும் இருக்கலாம், புகார் செய்ய வேண்டிய விஷயமாகவும் இருக்கலாம். பார்த்த மாத்திரத்தில் முடிவு கட்ட வேண்டாம், கண்டும் காணாமலும் போக வேண்டாம். சந்தேகம் இருந்தால் குழந்தைகள் உதவி எண் 1098. பிள்ளைகள் அந்த எண்ணை மனப்பாடம் செய்துகொண்டு போவது நல்லது, தங்களுக்கே ஒருநாள் தேவைப்படலாம்.

இதோடு இன்னொன்றையும் கவனிக்கச் சொல்கிறோம். கடை ஊழியர்கள் உட்கார இருக்கை தர வேண்டும் என்று தமிழ்நாடு 2021-ல் சட்டத்தைத் திருத்தியது. நடக்கிற வழியில் எந்தெந்தக் கடைகளில் ஸ்டூல் இருக்கிறது, அதில் யாராவது உட்கார்ந்திருக்கிறார்களா என்று பாருங்கள் என்போம். இதைச் சொல்லிவிட்டால் அப்புறம் பிள்ளைகளின் கண் துணியின் மீது போகாது, விற்கிறவரின் கால் மீது போகும்.

டாஸ்மாக் கடை, குடித்துவிட்டு வருகிறவர்கள்?

வழியை டாஸ்மாக் கடைகள் இல்லாத தெருக்களாகப் பார்த்துத்தான் போட்டிருக்கிறோம். ஆனாலும் குடித்தவர் ஒருவர் எதிரே வரக்கூடும். சென்னையின் எந்தப் பகுதியிலும் வரக்கூடும். விலகி நடப்போம், கேலி செய்ய விடமாட்டோம்.

எங்கள் பள்ளியே வடசென்னையில்தான் இருக்கிறது. எங்கள் பிள்ளைகளுக்கு இதில் என்ன புதிது?

வாருங்கள். நாங்கள் மிகவும் விரும்புகிற குழுக்கள் இவைதான். இந்தக் குழுக்களில் நாங்கள் பேசுவது குறைவு. ஒரு பிள்ளையின் அப்பா துறைமுகத்தில் கன்டெய்னர் லாரி ஓட்டுவார், இன்னொரு பிள்ளையின் அம்மா தூய்மைப் பணியாளராக இருப்பார், மூன்றாவது பிள்ளையின் மாமா கோடவுன் தெருவில் லோடுமேனாக இருப்பார். தன் வீட்டுக்காரர் செய்யும் வேலையை வகுப்புத் தோழர்களிடம் சொல்லக் கூச்சப்பட்ட பிள்ளை, அந்தத் தெருவில் வைத்து விளக்கம் சொல்லத் தொடங்குவதைப் பார்க்க வேண்டும்.

இவர்களுக்கு வழியைக் கொஞ்சம் மாற்றிப் பழைய வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோடு, புதுவண்ணாரப்பேட்டை வரை கொண்டுபோகிறோம். சாயங்காலம் கேரம் மன்றங்களில் பலகை மேல் விளக்கு எரியும், பவுடர் தூவி ஆடிக்கொண்டிருப்பார்கள். ஆட்டோ ஓட்டுநரின் மகளான காசிமா இந்தப் பகுதியில் இருந்து போய்த்தான் 2024-ல் அமெரிக்காவில் நடந்த உலக கேரம் போட்டியில் மூன்று தங்கம் வாங்கி வந்தார். மின்வெளிச்சத்தில் குத்துச்சண்டைப் பயிற்சி, தெருமுனையில் கானா, ரம்ஜான் மாதத்தில் மண்ணடியில் நோன்புக் கஞ்சியும் விடியும் வரை திறந்த கடைகளும் எல்லாமே இங்கத்திய ராத்திரிதான்.

ராத்திரி வேலை செய்கிறவர்களோடு பிள்ளைகள் பேச முடியுமா? அவர்களுக்குத் தொந்தரவாக இருக்காதா?

ஒவ்வொரு நடையிலும் ஒருவரோடு மட்டும் உட்கார்ந்து பேசுகிறோம். மூட்டை தூக்குபவர், பூக்கட்டுபவர், இரவுத் தூய்மைப் பணியாளர் என்று ஆள் மாறும். முன்பே நேரம் கேட்டு வைத்திருப்போம். அவருடைய அந்த நேரத்துக்குப் பணம் கொடுத்துவிடுகிறோம், பள்ளி கட்டுகிற தொகையில் அதுவும் சேர்ந்திருக்கிறது. வேலையை நிறுத்திப் பேசினால் கூலி போகும் என்று தெரிந்தும் சும்மா பேச வைப்பது சரியில்லை.

தூய்மைப் பணியாளர்களிடம் பிள்ளைகள் நிறையக் கேட்கிறார்கள். பெரிய சாலைகளை ராத்திரியில்தான் பெருக்குகிறார்கள் என்பதே பலருக்குத் தெரியாது. 2025 ஆகஸ்டில் ராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலங்களின் தூய்மைப் பணியாளர்கள், தங்கள் வேலை தனியாரிடம் போவதை எதிர்த்து மாநகராட்சித் தலைமையகமான ரிப்பன் மாளிகை முன்னால் நாட்கணக்கில் உட்கார்ந்தார்கள். கடைசியில் ஒரு நள்ளிரவில் போலீஸ் அவர்களை அப்புறப்படுத்தியது. இதைப் பற்றிப் பேச்சு வந்தால் நாங்கள் தடுப்பதில்லை. அரசியல் வேண்டாம் என்று சில பள்ளிகள் சொல்கின்றன. தன் சம்பளத்தைப் பற்றி ஒருவர் பேசுவதை எப்படி நிறுத்தச் சொல்வது? அப்படி நிபந்தனை போடுகிற பள்ளிகளுக்கு நாங்கள் தேதி கொடுப்பதில்லை.

காசிமேடு நடை எப்படி?

அதிகாலை நான்கு மணிக்கு ராயபுரம் ரயில் நிலையத்தில் தொடங்கும். 1856-ல் தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் கிளம்பியது இந்த நிலையத்தில் இருந்துதான், வாலாஜா ரோடு வரை. தூண் வரிசைக்கு எதிரே சிறிது நேரம் நின்றுவிட்டு மீன்பிடித் துறைமுகத்துக்குப் போகிறோம்.

அங்கே ஏலம் ஏற்கெனவே சூடு பிடித்திருக்கும். விசைப்படகில் இருந்து இறங்கிய கூடைகளைக் கொட்டி, ஏலக்காரர் விலையைக் கூவ, வாங்குகிற பெண்கள் விரலசைவில் முடிப்பார்கள். வஞ்சிரம், வவ்வால், சங்கரா, நெத்திலி, நண்டு என்று ஒரு பக்கம். ஐஸ் கட்டியை உடைக்கிற சத்தம் இன்னொரு பக்கம். தரை முழுக்கத் தண்ணீரும் செதிலும். வழுக்காத, நனைந்தால் பரவாயில்லை என்கிற செருப்பு கட்டாயம். வெள்ளை யூனிபார்ம் வேண்டவே வேண்டாம். ஏலம் நடக்கும் வட்டத்துக்குள் நிற்கக் கூடாது, அங்கே ஒரு நொடி தாமதமும் பணம்.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் கடலுக்குப் போகாது, அப்போது இந்த நடை இல்லை. ஞாயிற்றுக்கிழமையும் இல்லை, ஊரே மீன் வாங்க வந்திருக்கும்.

வேறு ஊர்களில் பள்ளிப் பிள்ளைகளை இப்படிக் கூட்டிப் போகிறார்களா?

போகிறார்கள். ஜெர்மனியில் ஹாம்பர்க் துறைமுகத்தை ஒட்டிய சாங்க்ட் பவுலி வட்டாரம் ஒரு உதாரணம். ரீப்பர்பான் என்ற அதன் பெரிய வீதி மது விடுதிகளுக்கும் பாலியல் தொழிலுக்கும் உலகம் முழுக்கப் பெயர் போனது. அங்கேயும் மாணவர் குழுக்களுக்கென்று வயசுக்கு ஏற்ற மாதிரி நடைகள் நடத்துகிறார்கள். பாலியல் தொழில் நடக்கும் ஹெர்பர்ட் வீதியின் இரு முனைகளிலும் 18 வயதுக்குக் கீழ் உள்ளவர்கள் வரக் கூடாது என்று பலகை இருக்கிறது. மாணவர்களுக்கான நடையில் துறைமுகத்தின் கதையும், 1960-ல் பெயர் தெரியாத பையன்களாக அங்கே வந்து ராத்திரி ராத்திரியாக வாசித்த பீட்டில்ஸ் குழுவின் கதையும் சொல்ல நிறைய இருக்கிறது. நம் பாரிமுனையும் துறைமுகத்தால் பிறந்த ஊர்தான். கப்பல் வருகிற இடத்தில் ராத்திரிக்கு என்று ஒரு வாழ்க்கை இருக்கும், அதைப் பிள்ளைகளிடம் எந்த அளவுக்கு, எப்படிச் சொல்வது என்ற கேள்வி இரண்டு ஊருக்கும் பொது.

சக்கர நாற்காலியில் வருகிற மாணவர் கலந்துகொள்ள முடியுமா? கழிப்பறை?

தங்கசாலைத் தெரு வரை முழு வழியும் சக்கர நாற்காலிக்கு ஏற்றதாக இல்லை. இது எங்களுக்கு வருத்தமான விஷயம். உயர் நீதிமன்றம் மெட்ரோ நிலையத்தில் லிப்ட் உண்டு. அங்கிருந்து கல்வெட்டு, பர்மா பஜார், அத்தோ கடை வரை வர முடிகிறது. அப்படி ஒரு மாணவர் இருந்தால் முழுக் குழுவுக்கும் அந்தச் சின்ன வழியையே வைத்துக்கொள்கிறோம், அவரை மட்டும் பாதியில் அனுப்புவதில்லை.

கழிப்பறை மெட்ரோ நிலையத்தில் இருக்கிறது. நடுவில் நம்பகமான இடம் இல்லை. கிளம்பும் முன் எல்லோரும் போய்வர வேண்டும். மாதவிடாய் நாளில் இருக்கும் மாணவிகள் எங்கள் குழுவின் அக்காவிடம் சொன்னால் போதும், வழியில் தெரிந்த வீடு ஒன்று இருக்கிறது.

எந்த மாதம் நல்லது?

ஜனவரி, பிப்ரவரி. அக்டோபர் முதல் டிசம்பர் வரை மழைக்காலம், தண்ணீர் தேங்கினால் நடையை நிறுத்திவிடுவோம். தீபாவளிக்கு முந்தைய மூன்று வாரம் எம்.சி. ரோட்டிலும் என்.எஸ்.சி. போஸ் சாலையிலும் இருபது பேரைச் சேர்த்து வைத்திருக்கவே முடியாது. புரட்டாசியில் திருப்பதி திருக்குடை ஊர்வலம் கிளம்புகிற நாளிலும் நடை கிடையாது.

நடை முடிந்ததும் மாணவர்களிடம் கட்டுரை எழுதச் சொல்லலாமா?

சொல்லலாம். ‘ஏழைகளின் துயரம்’ என்ற தலைப்பில் மட்டும் வேண்டாம். நீ சாப்பிட்ட ஒரு பொருள் யார் யார் கை மாறி உன் தட்டுக்கு வந்தது, நீ பேசிய ஒருவரின் வேலை நேரம் எப்படிப் பிரிகிறது, எந்தக் கேள்விக்கு உனக்குப் பதில் கிடைக்கவில்லை என்று கேளுங்கள். எழுதியதில் நல்லவற்றை அந்தந்தக் கடைக்காரருக்குக் காட்ட எங்களிடம் அனுப்பினால் கொண்டுபோய்ப் படித்துக் காட்டுவோம்.

பள்ளி என்ன தயாராக வைத்திருக்க வேண்டும்? பிள்ளைகள் எப்படித் திரும்புவார்கள்?

தலைமையாசிரியரின் கடிதம், ஒவ்வொரு பெற்றோரின் கையெழுத்து, ஒவ்வாமையும் மருந்தும் பற்றிய குறிப்பு. மாணவிகள் இருக்கும் குழுவில் ஆசிரியை ஒருவராவது வர வேண்டும். அரசுப் பள்ளிகள் சாப்பாட்டுச் செலவை மட்டும் கொடுத்தால் போதும். அதுவும் சிரமம் என்றால் சொல்லுங்கள், பார்த்துக்கொள்வோம்.

எட்டே முக்காலுக்குத் தங்கசாலைத் தெருவில் முடித்துத் தலை எண்ணுகிறோம். பள்ளி வேன் அந்தத் தெருவுக்குள் வர முடியாது. ஆகவே சென்ட்ரல் மெட்ரோ வரை நாங்களே நடந்து வந்து ஏற்றிவிடுகிறோம். வேன் வைத்திருக்கும் பள்ளிகளுக்கும் அதே இடம்தான். தனியாக வீட்டுக்குப் போக எந்தப் பிள்ளையையும் விடுவதில்லை. அப்பா அம்மா வந்து கூட்டிப் போவதாக இருந்தால், வருகிறவரின் பெயரை முதல் நாளே ஆசிரியரிடம் கொடுத்திருக்க வேண்டும்.